கைடு இங்கே இறங்கிக்கொள்ளவும்

செல்போன் அலறியது.

தோசையைத் திருப்புவதா, போனை எடுப்பதா என்று நித்யஸ்ரீ ஒரு வினாடி யோசித்தாள்.

போன் ஜெயித்தது. தோசை கருகியது.

காலை ஏழரை மணி. மறுமுனையில் ஓர் ஆண் குரல். வழுவழுவென்று, சவரம் செய்த கன்னம் மாதிரியான குரல்.

பெயர் ஆனந்தகுமார் என்றது. பெங்களூரில் ஜவுளி வியாபாரம் என்றது. கல்யாணமாகி நாலு மாதம்தான் ஆகிறதாம். மனைவி பிரவீனாவுக்கு சேலம் புதுசு. ஃபேர்லேண்ட்ஸ் ஓட்டலில் தனக்கு நாள் முழுக்க வியாபாரப் பேச்சு இருப்பதால், மனைவிக்கு மட்டும் தனியாக ஊரைச் சுற்றிக் காட்ட ஒரு கைடு வேண்டும். கோயில், மசூதி, கடைவீதி எல்லாம். கார், டிரைவர் எல்லாம் தன் பொறுப்பு.

"கடைசியா பனமரத்துப்பட்டி ஏரி. சரியா நாலரை மணிக்கு. அப்புறம் ஒரு சின்ன உதவி மேடம்... நீங்க ஏரி வரைக்கும் வர வேண்டாம். ஊருக்குள்ள பஸ் ஸ்டாப்லயே இறங்கிக்குங்க. அவளுக்கு அங்க ஒரு சர்ப்ரைஸ் வெச்சிருக்கேன்."

நித்யஸ்ரீக்கு மனசு குளிர்ந்து போயிற்று. இந்தக் காலத்தில் இப்படி ஒரு புருஷனா!

"ஆகட்டுங்க சார்" என்றாள்.

நித்யஸ்ரீ திருச்செங்கோட்டுப் பெண். வயது முப்பத்து மூன்று. ஆறு வருடம் ஒரு பள்ளிக்கூடத்தில் வரலாறு எடுத்தாள். பிள்ளைகள் சுகமாகத் தூங்கினார்கள். இப்போது அதே வரலாற்றைக் கோயில் வாசலில் நின்று சொல்கிறாள். வெளியூர்க்காரர்கள் கண் விழித்துக் கேட்கிறார்கள். ஆளைப் பார்த்ததுமே எடை போட்டுவிடுவேன் என்று அவளுக்கு ஒரு பெருமை உண்டு.

பத்துக்கு ஏழு தடவை அந்த எடை தப்பாக இருக்கும். அது மட்டும் அவளுக்குத் தெரியாது.

ஒன்பது மணிக்கு சுகவனேஸ்வரர் கோயில் வாசலில் வெள்ளைக் கார் வந்து நின்றது.

முதலில் டிரைவர் இறங்கினான். பெயர் வீரபாகு. நாற்பது வயது இருக்கும். கனத்த மீசை. வணக்கம் சொன்னதற்குக்கூட வாயைத் திறக்காமல் தலையை மட்டும் அசைத்தான்.

ரவுடி, என்று எடை போட்டாள் நித்யஸ்ரீ.

பின்கதவு வழியாகப் பிரவீனா இறங்கினாள். இருபத்தாறு வயது. கையில் செல்போன் இல்லை. கேட்டதற்கு, ரிப்பேருக்குக் கொடுக்கிறேன் என்று கணவர் வாங்கி வைத்துக்கொண்டார் என்றாள். சிரித்தாள். அந்தச் சிரிப்பு உதட்டுக்கு வந்து சேர ரொம்ப நேரம் எடுத்துக்கொண்டது.

நித்யஸ்ரீ ஆரம்பித்தாள். கிளி முகம் கொண்ட சுகமுனிவர் இங்கே வந்து சிவனைக் கும்பிட்ட கதை. வழக்கமாக இந்த இடத்தில் எல்லோரும் தூணில் கிளியைத் தேடுவார்கள்.

பிரவீனா மேலே பார்த்தாள்.

கோபுரத்தை இல்லை. சுவர் மூலையில் மாட்டியிருந்த கேமராவை!

நேராக அதன் கீழே போய் நின்றாள். நெற்றியில் விழுந்த முடியை ஒதுக்கினாள். முகத்தை நிமிர்த்தி, மனசுக்குள் பத்து வரை எண்ணுகிறவள் மாதிரி அசையாமல் நின்றாள். பிறகு, "போலாங்க" என்றாள்.

நித்யஸ்ரீ அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

திருமணிமுத்தாற்றங்கரையில் ஜாமியா மசூதி. திப்பு சுல்தான் தொழுத இடம் என்று சொல்வார்கள் என்பதை நித்யஸ்ரீ கையை ஆட்டி விவரித்துக்கொண்டிருந்தாள். பிரவீனா எதிர்ச் சாரியில் ஓர் அத்தர் கடை வாசலில் நின்றிருந்தாள். அங்கேயும் ஒரு கேமரா. போதாததற்குக் கடைக்காரரிடம், தன் பெயர் பிரவீனா, பெங்களூரிலிருந்து வந்திருக்கிறேன் என்று கேட்காமலே சொன்னாள். கடைக்காரர் அத்தர் வேண்டுமா என்று கேட்டதற்கு வேண்டாம் என்றாள்.

கோட்டை மாரியம்மன் கோயிலில் நல்ல கூட்டம். அரைமணி நேரம் வரிசையில் நின்று, அம்மன் கண்ணில் படும் தூரத்துக்கு வந்த பிறகு, பிரவீனா வரிசையை விட்டு விலகினாள். செருப்பு விடும் இடத்துக்குப் போனாள். அங்கே கம்பத்தில் கேமரா இருந்தது.

கோயிலுக்கு வருகிறவர்கள் சாமியைத் தேடுவார்கள். இவள் கேமராவைத் தேடுகிறாள்.

நித்யஸ்ரீயின் மூளைக்குள் ட்யூப்லைட் இரண்டு தடவை மின்னிவிட்டுப் பளிச்சென்று எரிந்தது.

'நான் இந்த நேரத்தில் இங்கே இருந்தேன்' என்று யார் சாட்சி தயார் பண்ணுவார்கள்? வேறு இடத்தில் ஒரு காரியம் நடக்கப் போகிறது என்று தெரிந்தவர்கள்தான்! ஃபேர்லேண்ட்ஸ் ஓட்டலில் அந்த மனுஷன் தனியாக இருக்கிறார். யாரோ வந்து அவர் கதையை முடிக்கப் போகிறார்கள். இவள் கைடோடு கோயில் கோயிலாகச் சுற்றினேன் என்று கைகழுவப் போகிறாள்.

அடிப்பாவி...

பூக்கடை மறைவுக்குப் போய் ஆனந்தகுமாருக்குப் போன் போட்டாள்.

"சார், நான் சொல்றேன்னு தப்பா நெனைக்காதீங்க. உங்க ஊட்டம்மா போற எடத்துல எல்லாம் கேமராவத் தேடித் தேடி முன்னாடி நிக்கறாங்க. எனக்கென்னமோ சரியாப் படலீங்க. நீங்க ரூமைத் தாள் போட்டுட்டுப் பத்திரமா இருங்க."

 

"எந்தெந்த இடத்துல?" என்றான் ஆனந்தகுமார்.

சொன்னாள்.

"ஏரிக்கரையில கேமரா இருக்கா?"

"அங்க ஏதுங்க சார்? சீமைக்கருவேல முள்ளும் கொக்கும்தான் இருக்குது."

"நல்லது. செவ்வாய்ப்பேட்டையைச் சீக்கிரம் முடிச்சுட்டுக் கிளம்புங்க. அவகிட்ட எதுவும் கேட்டுக்காதீங்க."

போன் கட்டாகிவிட்டது.

நித்யஸ்ரீ போனையே பார்த்துக்கொண்டு நின்றாள். வெயில் சுள்ளென்று அடித்தது. 

பெண்டாட்டி தன்னைக் கொல்லப் பார்க்கிறாள் என்று கேள்விப்பட்ட புருஷன், 'ஏன்' என்று கேட்கவில்லை. 'எங்கே' என்று கேட்கிறான்!

செவ்வாய்ப்பேட்டை.

லாரியிலிருந்து பருப்பு மூட்டை இறங்கிக்கொண்டிருந்தது. ஆட்டோக்களும் டவுன் பஸ்களும் ஒன்றையொன்று திட்டிக்கொண்டு ஊர்ந்தன. காரைத் தெருமுனையில் நிறுத்திவிட்டு வீரபாகு இறங்கி நடந்தே வந்தான். சரியாகப் பத்தடி பின்னால். இவர்கள் நின்றால் நின்றான். நடந்தால் நடந்தான்.

நித்யஸ்ரீ உரக்க வரலாறு பேசிக்கொண்டே, பாவாயி அக்காவின் வெள்ளிக் கொலுசுக் கடைக்குள் பிரவீனாவை இழுத்துக்கொண்டு போனாள். உள்ளறையின் திரையை இழுத்துவிட்டாள்.

"ஏனுங்க, நேராவே கேக்கறேன். எதுக்குங்க கேமராவுக்கு முன்னாடி போயிப் போயி நிக்கறீங்க?"

பிரவீனா வாசல் பக்கம் பார்த்தாள். பிறகு கைப்பைக்குள் கைவிட்டு, நான்காக மடித்த ஒரு பேப்பர் துண்டை எடுத்து நீட்டினாள். 

பழைய செய்தித்தாள். மூன்று வருடத்துக்கு முந்தையது. பவானியில், காவிரிப் படித்துறையில் வழுக்கி விழுந்து இளம்பெண் பலி. பெயர் ஸ்ரீதேவி. கணவர் ஆனந்தகுமார், ஜவுளி வியாபாரி. அன்று பகல் முழுவதும் ஸ்ரீதேவி ஒரு கைடின் துணையோடு கோயில்களையும் ஜமக்காளக் கடைகளையும் சுற்றிப் பார்த்திருக்கிறார். சந்தோஷமாகவே இருந்தார் என்று கைடு சாட்சி சொல்லியிருந்தார். சம்பவம் நடப்பதற்குச் சற்று முன்னால்தான் கைடு இறங்கிச் சென்றாராம்.

கடைசி வரியை நித்யஸ்ரீ இரண்டு தடவை படித்தாள்.

*பஸ் ஸ்டாப்லயே இறங்கிக்குங்க...*

தன்னை எதற்கு அமர்த்தியிருக்கிறான் என்று இப்போது விளங்கியது. ஊர் காட்ட இல்லை. நாளைக்குப் போலீஸ் கேட்கும்போது, 'அந்தம்மா சிரிச்ச முகமாத்தான் இருந்தாங்க' என்று சொல்வதற்கு!

முதல் கல்யாணம் ஒன்று நடந்ததே தனக்குத் தெரியாது என்றாள் பிரவீனா. அம்மா அப்பா இல்லாத பெண். பெரியப்பா பார்த்து முடித்துவைத்த சம்பந்தம். நேற்று சாயங்காலம் கைப்பையைத் திறந்தபோது இந்தத் துண்டு உள்ளே கிடந்தது. யார் வைத்தார்கள் என்று தெரியவில்லை. ராத்திரி முழுக்கப் புருஷன் அறையை விட்டு நகரவில்லை. காலையில் போனையும் வாங்கிக்கொண்டான். வெளியே வந்தால் டிரைவர் நிழல் மாதிரி கூடவே வருகிறான்.

"நீங்களும் அவர் ஆளுன்னுதான் நெனச்சேன். நான் காணாமப் போயிட்டா, உயிரோட இருந்த வரைக்கும் எங்கெங்க இருந்தேன்னாவது யாராச்சும் தேடிப் பார்க்கட்டும். அதுக்குத்தான் நின்னேன்."



"நான் ஒரு பெரிய தப்புப் பண்ணிட்டனுங்க" என்றாள் நித்யஸ்ரீ. "அதை உங்க ஊட்டுக்காரருகிட்டவே போன் பண்ணிச் சொல்லிட்டேன்."

பிரவீனாவின் முகத்தில் இருந்த கொஞ்ச நஞ்ச ரத்தமும் வடிந்தது.

வெளியே வீரபாகுவின் செல்போன் அடித்தது. "சரிங்க சார்... இப்பவே கூட்டிட்டு வந்தர்றனுங்க" என்ற குரல் திரையைத் தாண்டிக் கேட்டது. அடுத்து, செருப்புச் சத்தம் கடைப் படியேறியது.

பாவாயி அக்காவுக்கு நித்யஸ்ரீயைப் பத்து வருடமாகத் தெரியும். கண்ணைப் பார்த்ததுமே பின்கதவுத் தாழ்ப்பாளை நீக்கிவிட்டார்.

ஓடினார்கள்!

கொலுசுக்குப் பாலீஷ் போடும் பட்டறைகளின் நடுவே ஒரு சந்து. ஒரு ஆள் நுழையும் அகலம். அதைத் தாண்டினால் மளிகை மண்டித் தெரு. பின்னால் திம் திம்மென்று ஓட்டம்.

"அம்மா, நில்லுங்க... நில்லுங்கம்மா..."

யார் நிற்பார்கள்?

மிளகாய் வத்தல் மூட்டைகள் அடுக்கியிருந்த ஒரு குடோனுக்குள் நித்யஸ்ரீ புகுந்தாள். இந்த வழி மறுபக்கம் பஸ் போகும் ரோட்டில் திறக்கும் என்று அவளுக்குத் தெரியும். முந்தானையால் மூக்கை மூடிக்கொள்ளச் சொல்லிப் பிரவீனாவை இழுத்துக்கொண்டு பாய்ந்தாள்.

வீரபாகுவுக்கு முந்தானை இல்லை.

முதல் தும்மல் குடோன் நடுவில் கேட்டது. இரண்டாவது, மூன்றாவது... ஏழு வரை எண்ணினாள். அதற்குள் ஓர் ஆட்டோ கிடைத்துவிட்டது.

"ஸ்டேஷனுக்கு உடுங்கண்ணா."

"ரயில்வே ஸ்டேஷனுங்களா?"

"போலீஸ் ஸ்டேஷன்."

ஆட்டோக்காரர் அதன்பிறகு ஒரு கேள்வியும் கேட்கவில்லை.

இன்ஸ்பெக்டர் ராஜம்மாள் நாற்பத்தைந்து வயதுக்காரர். ஒல்லி உடம்பு. கண் மட்டும் எதிரில் உட்கார்ந்திருப்பவரின் பொய்யைத் துருவி எடுக்கும். நித்யஸ்ரீ மூச்சிரைக்கச் சொன்ன எல்லாவற்றையும் குறுக்கிடாமல் கேட்டார். பேப்பர் துண்டை வாங்கிப் படித்தார்.

அப்போது வாசலில் ஒரு தும்மல்.

பிரவீனா நாற்காலியைத் தள்ளிக்கொண்டு எழுந்தாள்.

வீரபாகு நின்றிருந்தான். கண் இரண்டும் கோவைப்பழம். மூக்கிலிருந்து தண்ணீர். இரண்டு கான்ஸ்டபிள்கள் அவன் மேல் பாயப் போனார்கள். அவன் தப்பிக்கவில்லை. இரண்டு கைகளையும் கூப்பினான்.

"நான் அந்தாளோட ஆளு இல்லீங்கம்மா. அந்தப் பேப்பரை உங்க பையில வெச்சதே நான்தானுங்க."

"நீ யாரு?" என்றார் ராஜம்மாள்.

"பவானியில பாதியில எறங்கிப் போன கைடுங்க."



வீரபாகு குமாரபாளையத்துக்காரன். நெசவுக் குடும்பம். தறியை விட்டுவிட்டுப் பவானிக்கு வருகிறவர்களுக்குக் கோயில் காட்டிக்கொண்டிருந்தான். மூன்று வருடத்துக்கு முன்னால் ஒரு காலையில் ஒரு வழுவழுப்புக் குரல் போனில் அவனை அமர்த்தியது. ஆனந்தகுமார் அவனை நேரில் பார்த்ததே இல்லை. சாயங்காலம் சொன்ன இடத்தில் இறங்கி டீக்கடைக்குப் போனான். டீ குடித்து முடிப்பதற்குள் ஆற்றுப் பக்கம் சத்தம்.

"சந்தோசமா இருந்தாங்களான்னு கேட்டாங்க. ஆமாங்கன்னு எழுதிக் குடுத்தேன். அதை வெச்சுத்தான் அவரு வெளிய வந்தாரு. அப்புறம் யோசிக்க யோசிக்க எனக்குத் தூக்கமே இல்லீங்க. ஆறு மாசத்துக்கு முந்தி அவருகிட்டயே டிரைவராச் சேந்துட்டேன். பேரைக்கூட மாத்திக்கல. கைடோட பேரெல்லாம் யாருங்க ஞாபகம் வெச்சுக்கறாங்க?"

அவன் நித்யஸ்ரீ பக்கம் திரும்பினான். இவர்களைத் தொடர்ந்து வந்தது ஸ்டேஷனுக்குக் கூட்டிப்போகத்தான் என்றான். முன்னாடியே சொல்லியிருக்கலாமே என்று அவள் கேட்டாள். "காலையில கார்ல வர்றப்ப அவரு போன் லைன்லயே இருந்தாருங்க. அப்புறம் உங்களையும் அவரு ஆளுன்னு நெனச்சுட்டனுங்க" என்றான்.

ரவுடி என்று போட்ட எடை நித்யஸ்ரீயின் நெஞ்சில் முள்ளாய்க் குத்தியது.

ராஜம்மாள் பேப்பரை மடித்தார். நம்புகிறேன், ஆனால் இதில் எதுவுமே கோர்ட்டில் நிற்காது என்றார். ஏரிக்குக் கூட்டிவரச் சொல்வது குற்றம் இல்லை. சர்ப்ரைஸ் வைப்பதும் குற்றம் இல்லை. கையும் களவுமாகப் பிடிபட்டால்தான் உண்டு.

"மொதல்ல அவன் சந்தேகத்தைத் தீர்க்கணும். உன்னால முடியுமா?" என்று நித்யஸ்ரீயைக் கேட்டார்.

நித்யஸ்ரீ போனை எடுத்தாள். ஸ்பீக்கரில் போட்டாள். பள்ளிக்கூடத்தில் இன்ஸ்பெக்ஷன் வந்த அன்று காட்டிய குரலைத் தேடிப் பிடித்தாள்.

"சார், நான்தானுங்க கைடு. உங்களைச் சும்மா பயப்படுத்திட்டேன். விசாரிச்சனுங்க. மேடத்துக்கு முன்னால ஒரு தடவை கூட்டத்துல செயின் அத்துட்டுப் போயிட்டாங்களாமா. அதனால கேமரா இருக்கற எடமாப் பாத்து நிக்கறாங்களாம். இப்பக் கொலுசு பார்த்துட்டு இருக்கறாங்க, எந்திரிக்கவே மாட்டேங்கறாங்க. நாலரைக்கே ஏரிக்கு வந்தர்றோமுங்க."

இரண்டு வினாடி. மூன்று வினாடி.

ஆனந்தகுமார் சிரித்தான். "பாவம், பயந்த சுபாவம். வாங்க, வாங்க. நீங்க பஸ் ஸ்டாப்ல இறங்கிடுவீங்கல்ல?"

"எறங்கிக்கறேனுங்க சார்."

ஏரிக்குப் போகத் தயாரா என்று பிரவீனாவைப் பார்த்து ராஜம்மாள் கேட்டார். பயமாக இருந்தால் வேண்டாம் என்றார். பிரவீனா கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"அந்த ஸ்ரீதேவிக்கு யாரும் இல்லாமப் போயிட்டாங்க மேடம். எனக்கு மூணு பேர் இருக்கீங்க. போலாம்."

மணி நாலு இருபது.

பனமரத்துப்பட்டி பஸ் ஸ்டாப்பில் வெள்ளைக் கார் நின்றது. நித்யஸ்ரீ இறங்கினாள். அவளுக்கு ராஜம்மாள் கொடுத்த உத்தரவு ஒன்றே ஒன்றுதான். இறங்கு, அங்கேயே நில், மிச்சத்தை நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்.

கார் பிரவீனாவோடு திரும்பி ஏரிப் பாதையில் போய் மறைந்தது.

போலீஸ் ஜீப் கண்ணில் படவில்லை. ஒரு காக்கிச் சட்டைகூட இல்லை. நித்யஸ்ரீ ஏரிப் பாதையையே எட்டி எட்டிப் பார்த்தாள். எதிரே டீக்கடை. பாய்லரில் ஆவி பறந்தது. கடைக்காரர் டீ வேண்டுமா என்று கேட்டார்.

டீ!

அவ்வளவுதான். உத்தரவாவது, மண்ணாவது! சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு சோளக்காட்டு வரப்பில் இறங்கி ஓட ஆரம்பித்தாள்.

இந்த வருட மழைக்கு ஏரியில் மதகுப் பக்கம் தண்ணீர் தேங்கியிருந்தது. இரண்டு ஆள் ஆழம். சாயங்கால வெயிலில் தகதகவென்று மின்னியது. கருவேலம் புதருக்குப் பின்னால் வந்து மூச்சு வாங்க நின்றாள்.

மதகுப் படியில் முக்காடு போட்டுக்கொண்டு அவள் உட்கார்ந்திருந்தாள். பிரவீனாவின் அதே ஊதாச் சேலை. முதுகு இந்தப் பக்கம். காரைக் காணோம். வீரபாகுவைக் காணோம்.

ஆனந்தகுமார் கரையில் நடந்து வந்துகொண்டிருந்தான். வெள்ளைச் சட்டை. கையில் மல்லிகைப் பூச்சரம். இடது பக்கம் பார்த்தான். வலது பக்கம் பார்த்தான். பூச்சரத்தை நிதானமாகக் கீழே வைத்தான்.

நித்யஸ்ரீ வாயைத் திறந்தாள். சத்தம் வரவில்லை.

அவன் இரண்டு கைகளாலும் அந்த முதுகில் ஓங்கித் தள்ளினான்!

தொபீல்!

இப்போது சத்தம் வந்தது. "ஐயோ" என்று கத்திக்கொண்டு முள் கிழிக்க நித்யஸ்ரீ ஓடினாள். ஆனந்தகுமார் அதிர்ந்து திரும்பினான்.

திரும்பியவனின் கணுக்காலைத் தண்ணீருக்குள்ளிருந்து ஒரு கை பிடித்தது.

ஒரே இழுப்பு.

அவனும் உள்ளே போனான். மேலே வந்தான். கையைக் காலை உதறினான். மறுபடி உள்ளே போனான். தண்ணீரைக் காட்டியே இரண்டு பெண்களை முடிக்கப் பார்த்தவனுக்கு நீச்சல் தெரியாது!

புதர்களுக்குள்ளிருந்து கான்ஸ்டபிள்கள் எழுந்தார்கள். அவர்களுக்கு முன்னால் மீசைக்கார வீரபாகு பாய்ந்தான். தண்ணீரில் குதித்து, ஆனந்தகுமாரின் சட்டைக் காலரைப் பிடித்து, கரை வரைக்கும் விடாமல் இழுத்து வந்து போட்டான். போட்டுவிட்டுப் பக்கத்திலேயே உட்கார்ந்து, மூன்று வருடத்துக்கும் சேர்த்து ஒருமுறை அழுதான்.

"பிரவீனா..." என்று நித்யஸ்ரீ மதகுப் படியில் மண்டியிட்டு ஏரியைப் பார்த்துக் கூவினாள்.

"நான் இங்க இருக்கேங்க" என்றது பின்னாலிருந்து ஒரு குரல்.

பிரவீனா! கான்ஸ்டபிள் ஒருத்தியின் சுடிதாரில் நின்றிருந்தாள். வழியில், முதல் வளைவிலேயே சேலையை மாற்றிக்கொள்ளச் சொல்லிவிட்டார்களாம்.

அப்படியானால் தண்ணீரில்?

ஊதாச் சேலை நிதானமாக நீந்தி வந்தது. முக்காடு விலகியது. பரமத்தி வேலூரில் காவிரித் தண்ணீரில் குதித்து வளர்ந்த இன்ஸ்பெக்டர் ராஜம்மாள் படியேறினார். தலையில் ஒட்டியிருந்த பாசியை எடுத்துப் போட்டார்.

ஆனந்தகுமார் இருமிக்கொண்டே நிமிர்ந்து பார்த்தான். வழுவழுப்புக் குரல் எங்கோ போயிருந்தது. அவன் கையில் விலங்கு ஏறியது.

ராஜம்மாள் முந்தானையைப் பிழிந்தார். அரை வாளித் தண்ணீர் கொட்டியது.

"சேலத்துக்கு மாத்தலாகி வந்து எட்டு வருசமாச்சு. இந்த ஏரியை ஒரு நாளாவது பாத்தரோணும்னு நெனப்பேன், நேரமே அமையல" என்றார். "நீங்க என்னடான்னா, கைடுகூட இல்லாம அடி மட்டம் வரைக்கும் சுத்திக் காட்டிட்டீங்க. ரொம்ப தேங்க்ஸுங்க சார்!"